எந்த மலை?

மூன்றே சொல் உள்ள ஒரு வாக்கியம் நாலு மாதமாக என்னை அரித்துக்கொண்டிருக்கிறது. "மலை அமைதியாக இருக்கிறது." எழுதியது நான்தான். எழுத ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. சித்தி மகள் எடுத்த ஆவணப்படத்துக்குத் தமிழ் சப்டைட்டில் போட்டுக் கொடுத்தபோது வந்த இரண்டாவது வரி அது. பகலெல்லாம் சுற்றறிக்கைகளைத் தமிழாக்கிச் சோறு தின்கிறவன் நான். "மேற்படி விடயம் தொடர்பாக" என்று விரல் தானாகவே அடிக்கும். அப்படிப்பட்டவனுக்குப் பனிமூட்டத்தைப் பற்றி எழுத ஒரு ஞாயிற்றுக்கிழமை கிடைத்தால் எப்படி இருக்கும்? குஷியாக உட்கார்ந்து எழுதினேன். எழுதி முடித்து எனக்கு நானே தலையாட்டியும் கொண்டேன்.

படம் 11 நிமிடம். வெளியூர் விழாக்களுக்கு அனுப்பும் யோசனை இருந்ததால் பின்னணிக் குரலை ஆங்கிலத்தில் வைத்திருந்தாள். இலங்கை மலையகத்தில் மஸ்கெலியாப் பள்ளத்தாக்கு, விடியலுக்குக் கொஞ்சம் முன்னாலிருந்து அந்தி வரைக்கும், ஒரு நாள். பேட்டி கிடையாது, புள்ளிவிவரம் கிடையாது, யாரும் கேமராவைப் பார்த்து அழுவதும் கிடையாது. ட்ரோனை ஹட்டனில் கலியாண வீடியோ எடுக்கிற ஒரு பையனிடம் வாடகைக்குப் பிடித்திருக்கிறாள். மாப்பிள்ளை பொண்ணைச் சுற்றிச் சுற்றிப் பறக்கவிட்டே பழகிய கை, மலையையும் அப்படியே சுற்றியதாம். "நேரா போ தம்பி, நேரா போ" என்று கெஞ்சியே ஒரு காலைப்பொழுது போனதாகச் சொன்னாள். சிவனொளிபாதமலையின் நிழலை மட்டும் சொந்தக் கேமராவில் பிடித்திருந்தாள். நல்லதண்ணி வழியாக இரவோடு இரவாக ஏறி, உச்சியில் கைவிறைக்க நின்று எடுத்தது. சூரியன் எழும்பியதும் 2,243 மீற்றர் உயர மலை மேற்கே முக்கோணமாகத் தன் நிழலைச் சாய்க்கும். சில நிமிடத்தில் அது சுருங்கி அடிவாரத்துக்குள் போய்விடும். நானும் யாத்திரை சீசனில் மூன்று தடவை ஏறியிருக்கிறேன். மூன்று தடவையும் மேகம். அந்த நிழலைப் படத்தில்தான் முதன்முதலாகப் பார்த்தேன் என்று சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது.

பங்குனியில் நான் பிறந்து வளர்ந்த தேயிலைத் தோட்டத்துக் கோயில் திருவிழாவுக்குப் போனபோது மடிகணினியையும் கொண்டுபோனேன். அம்மாவுக்குக் காட்ட வேண்டும். அம்மா 33 வருடம் கொழுந்தெடுத்து ஓய்வுபெற்றவர். இப்போது தங்கச்சி குடும்பத்தோடு மேட்டு லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில் ஒன்றில், இருக்கிறார். கணினியைக் கட்டில்மேல் வைத்தோம். தேத்தண்ணி வந்தது, உள்ளங்கையில் சீனியோடு. தங்கச்சி பிள்ளைகள் இரண்டும் முன்னால் வந்து மறைத்துக்கொண்டன. அம்மாவுக்கு ஆங்கிலம் தெரியாது, சப்டைட்டில் வாசிக்கக் கண் பத்தாது. ஆகவே ஒவ்வொரு வரியையும் நானே சத்தமாக வாசித்தேன். பனி விலகுகிறது. தேயிலைச் சரிவு ஒன்று மெல்லத் தெரிகிறது. ஒரு ஆள் இல்லை. நான் குரலைக் கொஞ்சம் இறக்கி வாசித்தேன்: "மலை அமைதியாக இருக்கிறது."

அம்மா சட்டென்று திரும்பி, "ஏன், இன்னைக்கு மலை இல்லையா?" என்றார்.

ஒரு சொல்லில் இரண்டு மலை

மலையகத்துக்கு வெளியே இருந்து வாசிக்கிறவர்களுக்காக ஒரு சின்ன விளக்கம். தோட்டத்தில் மலை என்றால் வேலை நடக்கிற இடம். "அக்கா மலைக்குப் போயிட்டா" என்றால் கொழுந்தெடுக்கப் போயிருக்கிறாள். காலையில் ஆட்களுக்கு வேலை பிரிக்கிற பிரட்டுக்களத்தில் கேட்கிற முதல் கேள்வி "இன்னைக்கு எந்த மலை?" என்பதுதான். 4ஆம் நம்பர் மலை, 7ஆம் நம்பர் மலை, கோயில் மலை, பங்களா மலை, கவ்வாத்து மலை. தேயிலை நட்ட நிலம் தட்டையாக இருந்தாலும் அது மலைதான். வானத்தை முட்டிக்கொண்டு நிற்பது அந்தக் கணக்கில் வராது. அதற்குச் சிவனொளிபாதம் என்று தனிப்பேர் இருக்கிறது, அல்லது சும்மா "அந்தா அந்த உச்சி". ஆகவே அம்மா கேட்டதில் கவித்துவம் எதுவும் இல்லை. மலை அமைதியாக இருக்கிறது என்று மகன் வாசிக்கிறான். அப்படியென்றால் வேலை நிறுத்தமா, பௌர்ணமிப் போயா லீவா, தோட்டத்தில் யாராவது தவறிவிட்டார்களா? அவ்வளவுதான்.

எனக்குச் சுருக்கென்றது. இந்தச் சொல் எனக்குத் தெரியாததா? சின்ன வயதில் பள்ளிக்கூடம் விட்டு, "அம்மா எந்த மலைல?" என்று கேட்டுக்கொண்டு ஓடியவன்தானே நான்? அந்த மலை எப்போது என் வாயிலிருந்து நழுவி, புத்தக மலை வந்து உட்கார்ந்தது என்று யோசித்துப் பார்த்தேன். கொழும்புப் பக்கம் வத்தளைக்குக் குடிபோன பிறகா? அதற்கும் முன்பே, ஆறாம் வகுப்பில், குறிஞ்சி என்றால் மலையும் மலை சார்ந்த இடமும் என்று மனப்பாடம் செய்தபோதேயா? தேன், தினை, மயில், வேலன் என்று வரிசையாக எழுதி மார்க் வாங்கினோம். ஜன்னலுக்கு வெளியே தெரிந்த சரிவில் தேனும் இல்லை, தினையும் இல்லை. அது குறிஞ்சியில் சேருமா என்று ஆசிரியரிடம் யாரும் கேட்கவில்லை. இப்போது நினைத்தால் இன்னொன்றும் படுகிறது. அந்தப் பழைய குறிஞ்சிப் பாட்டுகளிலும் மலை சும்மா இருந்ததில்லை. தினைப்புனத்தில் பரண் போட்டு, கிளி விரட்டிக்கொண்டு ஒருத்தி நின்றாள். நாங்கள் அவளைத் தலைவி என்று படித்தோம். அவள் வேலையில் இருக்கிறாள் என்று படிக்கவில்லை.

அம்மா அதோடு விடவில்லை. திருப்பிப் போடு என்றார். போட்டேன். இந்தத் தடவை என்னை வாசிக்க விடவில்லை, அவரே வாசித்தார், படத்தை. இளம்பச்சையாகப் பளபளப்பது கொழுந்து முற்ற இன்னும் ரெண்டு நாள் இருக்கிற மலை. அதற்குப் பக்கத்தில் கருத்துக் கிடப்பது நேற்றோ முந்தாநாளோ எடுத்து முடித்தது. ஓரத்தில் காவி நிறத்தில் மொட்டையாகத் தெரிவதைப் "பாழ்நிலம்" என்று நினைத்திருந்தேன். அது கவ்வாத்து. மூன்று நாலு வருடத்துக்கு ஒருமுறை செடியை முழங்கால் உயரத்துக்கு வெட்டிவிடுவார்கள். "வெட்டி ஒரு மாசம் இருக்கும், மிளாறு இன்னும் அள்ளல பாரு" என்றார். மிளாறு என்பது வெட்டிப்போட்ட தேயிலைக் கொப்பு, அடுப்புக்கு அதைவிட நல்ல விறகு இல்லை. அள்ளாமல் கிடக்கிறதென்றால் அந்தப் பக்க லயத்தில் ஆள் குறைந்துவிட்டது, அல்லது எல்லா வீட்டிலும் காஸ் வந்துவிட்டது. அம்மா இரண்டில் எது என்று தங்கச்சியோடு கொஞ்ச நேரம் வாதாடினார். படம் அதுபாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. எனக்கு ஒரே பச்சையாகத் தெரிந்ததெல்லாம் அவருக்குக் கிழமை வாரியாகத் தெரிந்தது.

கை படாத பச்சை

எட்டாவது நிமிடத்தில்தான் படத்தின் ஆக அழகான காட்சி. ட்ரோன் தாழ்ந்து, அடர்ந்த பச்சைக்கு மேலே மெதுவாகப் போகிறது. மேல் விளிம்பில் நிஜமான காடு தொடங்குகிறது. 2010இல் யுனெஸ்கோ உலக மரபுரிமை என்று அறிவித்த மத்திய மலைநாட்டுக் காடுகளில் ஒன்று, சிவனொளிபாத வனம். காட்டுக்கும் கீழே இருக்கிற பச்சைக்கும் இடையில் கோடு தெரியவில்லை. அங்கே நான் எழுதிய வரி: "மனிதக் கை படாத பச்சை." அந்த வரி எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது.

"கை படாததா?" என்று அம்மா சிரித்தார். "இது 9ஆம் நம்பர்டா. நான் கட்டிக்கிட்டு வந்து மொத மொத நிரை பிடிச்ச மலை." எப்படித் தெரியும் என்றேன். திரையில் விரலை வைத்தார். பச்சைக்குள் சாய்வாக, ஒரே இடைவெளியில், மங்கலாகக் கோடுகள். கான் வெட்டிய தடம். மழைத்தண்ணி மண்ணை அள்ளிப் போகாமல் சரிவுக்குக் குறுக்கே வெட்டுகிற வாய்க்கால். காடு தானாக அப்படி நேராக வளராது. ஆள் பற்றாக்குறை என்று பல வருடத்துக்கு முன்பே கைவிட்ட மலை அது.

மறுநாள் காலை தங்கச்சி மாப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போய்ப் பார்த்தேன். பார்க்காவிட்டால் தூக்கம் வராது போலிருந்தது. வாசலில் மானாப்புல் ஆளுயரம். உள்ளே நுழைந்ததும் வெளிச்சம் குறைந்துவிடுகிறது. தேயிலையை நாம் இடுப்பளவு செடியாகத்தான் அறிவோம். விட்டுவிட்டால் அது மரம். முழங்கால் உயரம் வரை தூர் முட்டி முட்டியாகப் புடைத்து, வயதானவர்களின் விரல் கணுபோல இருக்கிறது. ஒவ்வொரு கவ்வாத்துக்கும் கத்தி பட்டுப்பட்டு ஆறிய இடம். அதற்கு மேலே, கத்தி நின்றுபோன இடத்திலிருந்து, ஐந்தாறு தண்டுகள் நேராக எழும்பி என் தலைக்கு மேலே எங்கோ போகின்றன. கத்தி எந்த உயரத்தோடு நின்றது என்று எந்த மரத்தைத் தொட்டாலும் தெரிகிறது. கீழெல்லாம் வெள்ளைப் பூ, நடுவில் மஞ்சள். தேயிலைப்பூவை இவ்வளவு மொத்தமாக நான் பார்த்ததே இல்லை, கொழுந்தெடுக்கிற மலையில் பூக்க விடமாட்டார்களே. பன்றி கிளறிய மண். காலுறைக்குள் ரெண்டு அட்டை. மாப்பிள்ளை அங்கே ரொம்ப நேரம் நிற்க விரும்பவில்லை. இந்த மாதிரிக் கைவிட்ட மலைகளில் சிறுத்தை படுத்திருக்கும், பன்றிக்கு வைத்த சுருக்குக் கம்பியும் கிடக்கும். 2020 மே மாதம் நல்லதண்ணிப் பக்கம் அப்படியொரு கம்பியில் மாட்டிய கருஞ்சிறுத்தை சில நாளில் செத்துப்போனது எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும்.

திரும்பி வரும்போது எனக்குள் ஒரு வீறாப்பு ஏறிவிட்டது. இந்தப் பள்ளத்தாக்கில் எது இயற்கை? 1867இல் லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தேயிலை போட்டார். அடுத்த ரெண்டு வருடத்தில் கோப்பி இலையில் நோய் விழுந்து, கோப்பி அழிய, மலைநாடு முழுக்கத் தேயிலையானது. கோப்பிக்கும் முன் மஸ்கெலியா காடு. அந்தக் காட்டை வெட்டியதும் எங்கள் ஆட்கள்தான். படத்தில் "ஏரி" என்று நான் எழுதிய மவுசாகலைகூட ஏரி இல்லை, டேம். 1969இல் அணை எழும்பியபோது பழைய மஸ்கெலியா டவுன் தண்ணீருக்குள் போனது. வெயில் காலத்தில் நீர் இறங்கினால் பழைய கோயிலும் விகாரையும் எலும்பாக வெளியே வரும், சனம் போய்ச் செல்ஃபி எடுக்கும். அங்கே தேங்குகிற மஸ்கெலி ஓயாவும் அடுத்த பக்கம் காசல்ரீயில் தேங்குகிற கெஹெல்கமு ஓயாவும் மின்சாரத்தைக் கொடுத்துவிட்டு, கீழே ஒன்றாகி, களனி கங்கை என்ற பெயரில் கொழும்புக்குக் குடிதண்ணீராகப் போகின்றன. வத்தளையில் நான் பார்க்கிற ஆறும் அதுதான். இப்படியாக ஒரு முழுப் பிரசங்கத்தை மனதில் கோத்துக்கொண்டு சித்தி மகளுக்குப் போன் போட்டேன்.

பங்களா வாசல்

முழுவதையும் பொறுமையாகக் கேட்டாள். பிறகு சொன்னாள்: "அண்ணே, நம்மள வச்சு யார் படம் எடுத்தாலும் என்னா வரும்? கூடை. கொழுந்து. அட்டை கடிச்ச காலு. வெடிச்ச விரலுக்கு ஒரு க்ளோசப். கடைசியில பின்னணியில ஒரு வயலின். நான் சின்னதுல இருந்து அதையே பாத்துக்கிட்டு இருக்கேன். ஒரே ஒரு தடவை, அங்க நின்னு சும்மா பாக்கணும்னு இருந்துச்சு. சும்மா. துரைமாரு மட்டும்தான் பங்களா வாசல்ல நின்னு வ்யூ பாக்கணுமா?"

பதில் இல்லை என்னிடம். எந்தத் தோட்டத்துக்கும் போய்ப் பாருங்கள். தோட்டத்தை நடத்துகிற துரையின் பங்களா மேட்டில், பள்ளத்தாக்கு முழுக்க விரிகிற இடத்தில் நிற்கும். லயம் பள்ளத்தில், தண்ணீர் பிடிக்கிற பீலிக்கரைக்குப் பக்கத்தில், எதிரே மண்மேடு தெரிகிற மாதிரி. லயத்து இஸ்தோப்பில், அதாவது திண்ணையில், உட்கார்ந்தால் அடுத்த லயத்தின் முதுகுதான் தெரியும். அந்தப் பங்களாக்களில் சில இப்போது உல்லாச விடுதியாகி, ஒரு இரவுக்கு அம்மாவின் பல மாதச் சம்பளத்தை வாங்குகின்றன. வாங்குவது பெரும்பாலும் அந்தக் காட்சிக்காகத்தான். இவள் வாடகை ட்ரோனை ஏற்றி அந்த உயரத்துக்குப் போய்விட்டு வந்திருக்கிறாள். அதைக் குறை சொல்ல நான் யார்? ஆள் இல்லாத காட்சி எடுத்தால் ஆளை அழித்துவிட்டாய் என்கிறோம். ஆளோடு எடுத்தால் மறுபடியும் கூடைக்காரியா என்கிறோம். அவளுடைய கோபம் எனக்குச் சரியாகவே பட்டது. என் வரி தப்பு என்பதும் அதே அளவுக்குச் சரியாகப் பட்டது. அவள் "மவுன்டன்" என்று சொன்னதற்கு நான் மலை என்று போட்டேன். அகராதிப்படி பழுதில்லை. ஆனால் தமிழ் வரி அம்மா மாதிரியானவர்களுக்காகத்தானே போடுகிறோம்? ஆங்கிலம் தெரிந்தவருக்கு அது தேவையே இல்லையே.

ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். அம்மாவுக்குப் படம் பிடித்திருந்தது. நான் தத்தளித்துக்கொண்டிருந்த அந்த ரெண்டு நாளில் மூன்று தடவை போடச் சொன்னார். பக்கத்து வீட்டு அத்தையைக் கூப்பிட்டு வந்து, "நம்ம சரோ மக எடுத்தது" என்று காட்டினார். நாலாவது நிமிடத்தில் கீழே இருக்கிற பணிய லயத்துத் தகரம் ஓரமாக வந்து போகும். அங்கே நிறுத்தச் சொல்லி, யார் வீட்டுக் கூரையில் புதுத் தகரம் என்று ரெண்டு பேரும் ஆராய்ந்தார்கள். முக்கோண நிழல் வந்தபோது கையெடுத்துக் கும்பிட்டார்கள். வெறும் மலையை, வேலை இல்லாத மலையை, அம்மா சும்மாவும் பார்த்தார். 9ஆம் நம்பரை மட்டும் ஒவ்வொரு தடவையும் விரலால் தொட்டுவிட்டுப் பார்த்தார்.

மைக்

சித்தி மகளுக்கு ஒரு யோசனை வந்தது. ஆங்கிலக் குரலைத் தூக்கிவிட்டு, பெரியம்மா படத்தை வாசித்ததையே பின்னணியாக வைத்தால்? இளம்பச்சை, கவ்வாத்து, மிளாறு, கான். எனக்குப் புல்லரித்துவிட்டது. சப்டைட்டிலே தேவைப்படாதே! அடுத்த போயா விடுமுறைக்கே ரெண்டு பேரும் போனோம். அவள் சின்ன மைக் ஒன்றை அம்மாவின் சேலைத் தலைப்பில் குத்தினாள். ஜன்னலுக்குக் கம்பளி தொங்கவிட்டோம். பிள்ளைகளைப் பீலிக்கரைக்கு விரட்டினோம். தகரத்தில் மழை விழுந்துவிடக் கூடாதே என்று நான் கோயில் பக்கம் பார்த்து வேண்டிக்கொண்டேன்.

அம்மா எங்களுக்கு முன்னமே தயாராகியிருந்தார். திருவிழாச் சேலை, தலையில் எண்ணெய், நெற்றியில் பளிச்சென்று விபூதி. படத்தை ஓடவிட்டோம். பனி விலகியது. சரிவு வந்தது. சித்தி மகள் கையசைத்தாள்.

அம்மா தொண்டையைச் செருமிக்கொண்டு, டிவியில் செய்தி வாசிக்கிற குரலில் தொடங்கினார்: "இயற்கை அழகு நிறைந்த எங்கள் மலையகத்தில், பச்சைப் பசேல் என்று காணப்படுகின்ற இந்த மலையானது மிகவும் அமைதியாக உள்ளது."

சித்தி மகள் என்னைப் பார்த்தாள். நான் கம்பளியைப் பார்த்தேன். 9ஆம் நம்பர் வந்தது. "இங்கு மனிதக் கை படாத பச்சை காணப்படுகின்றது" என்றார் அம்மா, நான் வாசித்ததை ஒரு எழுத்துப் பிசகாமல். விரல் மட்டும் பழக்கத்தில் திரைக்குப் போய் அந்தக் கோட்டைத் தொட்டது.

11 நிமிடமும் முடிந்தது. மைக்கைக் கழற்றும்போது அம்மாவுக்கு நெற்றியெல்லாம் வியர்வை. சேலைத் தலைப்பால் துடைத்துக்கொண்டு கேட்டார்: "தம்பி எழுதின மாதிரியே சொன்னேனா, பாப்பா?"